மசக்கையும் மருந்தும்

(தசலட்சணப் பெருவிழாவின் மகளிர் அரங்கில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



பஞ்ச கல்யாணங்களுள் முதலாவது கர்ப்ப கல்யாணம். பிரதிஷ்டை விழாக்களில் தீர்த்தங்கரரின் தாயார் கண்ட பதினாறு கனவுகளை விளக்கும் வேளையில் மண்டபம் நிறைந்திருக்கும். யானை, காளை, சிங்கம் என்று குழந்தைகள் விரல்விட்டு எண்ணுவார்கள். கனவுகள் முடிந்ததும் கூட்டத்தில் பாதி எழுந்துவிடும். அதன்பின் வருவது திக்குமாரியரின் பணிவிடை. உலகுக்கே நாயகனைச் சுமந்த தாய்க்கும் அருகில் துணை வேண்டும் என்று புராண ஆசிரியர்கள் கருதினார்கள். இன்றைய பொருளும் அந்தத் துணையைப் பற்றியதே.

சோற்றைக் கண்டாலே ஓங்கரித்து, தாளிக்கும் மணம் எட்டியவுடன் கொல்லைப்புறம் ஓடும் மருமகளைப் பார்த்து, “எங்களுக்கு இல்லாத மசக்கையா?” என்று கேட்காத வீடு குறைவு. கேட்பவர் கொடியவர் அல்லர். அவருடைய மசக்கை மூன்று மாதத்தில் தானாக அடங்கியிருக்கும். எல்லார்க்கும் அப்படியே அடங்கும் என்று நம்புகிறார். பெரும்பாலும் அந்த நம்பிக்கை பொய்ப்பதில்லை. பொய்க்கும் இடந்தான் ஆபத்தானது.

கருவுற்ற பெண்களில் நூற்றுக்கு எழுபது முதல் எண்பது பேர்க்குக் குமட்டலோ வாந்தியோ உண்டு. ஆறாம் வாரத்தை ஒட்டித் தொடங்கி, ஒன்பதாம் வாரத்தில் உச்சத்தை அடைந்து, பன்னிரண்டு பதினான்கு வாரங்களில் தணிவது அதன் இயல்பு. ஆங்கிலத்தார் இதனைக் காலை நோய் என்பர். அப்பெயர் பொருந்தாது, நாள் முழுதும் குமட்டுவோரே மிகுதி. தமிழில் இதற்கு வயா என்ற பழம்பெயரும் உண்டு. சேரனின் நாட்டு மண்ணை வயாவுற்ற மகளிர் உண்பதன்றிப் பகைவர் உண்ண முடியாது என்ற கருத்தைப் புறநானூற்றில் காணலாம். மண் தின்னும் வேட்கை இரும்புச்சத்துக் குறைவோடு தொடர்புடையது என்பதை இன்றைய மருத்துவர் அறிவர். ஆகவே, மண்ணோ சாம்பலோ அரிசியோ தின்னத் தோன்றுகிறது என்று ஒரு பெண் சொன்னால், சிரித்து ஒதுக்காமல் இரத்தப் பரிசோதனைக்கு அழைத்துச் செல்வதே முறை.

நூற்றில் ஒருவர் இருவர்க்கு வாந்தி எல்லை மீறும். உடல் எடை இருபதில் ஒரு பங்கு குறையும், நீரும் தங்காது. “ஜேன் ஐர்” எழுதிய சார்லட் பிராண்டி 1855 மார்ச் 31 அன்று, கருவுற்றிருந்த நிலையில் மறைந்தார். சான்றிதழில் காசநோய் என்று எழுதினார்கள். அவர் இறுதி வாரங்களில் விடாது குமட்டியும் வாந்தியெடுத்தும் மெலிந்ததை நோக்கி, கடும் மசக்கையே காரணமாகலாம் என்று பிற்கால மருத்துவர் பலர் கருதினர்.

காரணம் என்ன என்ற வினாவுக்கு நெடுங்காலம் தெளிவான விடை இல்லை. விடை இல்லாத இடத்தில் பழி நுழைவது உலக வழக்கு. குழந்தை வேண்டாம் என்ற உள்மனத்தின் வெளிப்பாடே வாந்தி என்று சென்ற நூற்றாண்டு மருத்துவர்கள் சிலர் எழுதியும் வைத்தனர். மாமியாரின் சொல்லைவிடக் கொடிய சொல் அது. 1999இல் கடும் மசக்கையால் தம் கருவை இழந்த அமெரிக்க மரபியல் அறிஞர் மார்லினா ஃபெய்சோ, அதன் காரணத்தைத் தேடுவதையே பணியாகக் கொண்டார். அவரும் கேம்பிரிட்ஜின் ஸ்டீபன் ஓரஹிலி குழுவினரும் 2023 டிசம்பரில் வெளியிட்ட ஆய்வு, ஜி.டி.எஃப்.15 என்னும் சுரப்பைச் சுட்டியது. கருவும் நஞ்சுக்கொடியும் அதனை மிகுதியாகச் சுரந்து தாயின் இரத்தத்தில் கலக்கின்றன. அது மூளையைத் தூண்டிக் குமட்டலை எழுப்புகிறது. கருவுறுமுன் அச்சுரப்பு குறைவாக இருந்த பெண்ணுக்குத் திடீர்ப் பெருக்கம் தாங்குவதில்லை. வாழ்நாள் முழுதும் அது மிகுந்தே இருக்கும் ஒருவகைத் தலசீமியா உடைய பெண்களுக்கு மசக்கை மிகக் குறைவு. ஆக, மசக்கை மனத்தின் பலவீனம் அன்று. இரத்தத்தில் அளந்து காணத்தக்க ஒன்று.

நிற்க. சமண இல்லத்தில் இந்நோய்க்கு ஒரு தனிச் சிக்கல் உண்டு. வெறும் வயிறு குமட்டலை வளர்க்கும். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை சிறிது உண்க, படுக்கையை விட்டு எழுமுன் உலர்ந்த பண்டம் ஒரு பிடி மெல்லுக என்று மருத்துவம் சொல்கிறது. இரவு உண்ணாமையோ பன்னிரண்டு மணி நேரத்துக்கு மேல் வயிற்றை வெறுமையாக வைக்கிறது. இரண்டையும் ஒருசேரக் காப்பது மிதமான மசக்கையில் இயலும். சூரியன் மறையுமுன் உண்ணும் உணவு வெறும் ரசஞ்சோறாக இல்லாமல் பயறு, சுண்டல், பால் ஆகியவற்றோடு அமைய வேண்டும். காலையில் உதயம் ஆகும்வரை எழாமல் படுத்திருந்து, பொரியோ அவலோ பொட்டுக்கடலையோ மென்று, கால்மணி நேரம் கழித்து எழலாம். அதற்கு, விடியுமுன் வாசல் தெளிக்கும் வேலையை வேறொருவர் ஏற்க வேண்டும். அடுப்படி வேலைக்கும் அது பொருந்தும். தாளிப்பு மணமும் சாம்பிராணிப் புகையும் குமட்டலைத் தூண்டுவன. சோற்றோடு நீரைக் குடிக்காமல் இடைவேளைகளில் சிறிது சிறிதாகப் பருகுவதும் உதவும்.

மிதத்தைக் கடந்த மசக்கையில் என்ன செய்வது? சோடசகாரண பாவனைகளில் தியாகமும் தவமும் ‘சக்திக்கேற்ப’ என்ற அடையோடு வைக்கப்பட்டுள்ளன. தத்துவார்த்த சூத்திரத்தின் ஆறாம் அத்தியாயத்தில் அவ்வரிசையைக் காணலாம். அதே வரிசையில், நோயுற்ற அறவோர்க்குப் பணி செய்யும் வையாவிருத்தியமும் இடம்பெறுகிறது. அட்டமியிலும் சதுர்தசியிலும் இந்தப் பத்து நாள்களிலும் உபவாசம் ஏற்கும் உறுதி போற்றத்தக்கது. ஆயினும் நீர்கூடத் தங்காத சூல்மகள் உபவாசம் இருக்கவில்லையே என்று ஏங்குவதும், ஏங்கும்படி மற்றவர் பேசுவதும் அந்த அடையை மறந்த செயல்கள். இரவில் நீரும் மருந்தும் கொள்ளலாமா என்ற ஐயத்தைக் குடும்பத்தார் தாமே தீர்ப்பிடாமல் ஆசாரியரையோ பண்டிதரையோ கேட்பது நலம். விரதம் முன்னமே ஏற்றிருந்தால் அதற்குரிய பிராயச்சித்தத்தையும் அவர்களே சொல்வார்கள்.

வீட்டு மருந்துக்கு வருவோம். அக்கம்பக்கத்தார் கூறுவது இஞ்சிச்சாறும் தேனும். தேன் சாவகர் விலக்கிய மூன்று மகாரங்களுள் ஒன்று. பச்சை இஞ்சியும் பல இல்லங்களில் விலக்கு. ஆனால் சுக்கு அஞ்சறைப் பெட்டியில் இருக்கிறது. மருத்துவ ஆய்வுகளிலும் உலர்ந்த இஞ்சித் தூளையே நாளொன்றுக்கு ஒரு கிராம் அளவில், நான்கு வேளையாகப் பகிர்ந்து கொடுத்துப் பார்த்தார்கள். குமட்டல் ஓரளவு குறைந்தது. வாந்தியில் மாற்றம் அவ்வளவாக இல்லை. வெல்லத்தோடு சுக்குநீர் தொடக்க நிலைக்குப் போதும். கடும் வாந்திக்கு அதையே நம்பி நாள் கடத்தலாகாது. இரும்புச்சத்து மாத்திரை குமட்டலை மிகுவிப்பதாயின், மருத்துவர் சொற்படி சில வாரம் நிறுத்தி, ஃபோலிக் அமிலத்தை மட்டும் தொடரலாம்.

அடுத்த படி மாத்திரை. இங்கேதான் பல குடும்பங்கள் அஞ்சி நின்றுவிடுகின்றன. முதல் மூன்று மாதத்தில் எந்த மாத்திரையும் குழந்தைக்குக் கேடு என்ற எண்ணம் ஊன்றியிருக்கிறது. அந்த அச்சத்துக்கு ஒரு வரலாறு உண்டு. மேற்கு ஜெர்மனியில் 1957இல் தாலிடமைடு என்னும் மருந்து விற்பனைக்கு வந்தது. உறக்கத்துக்கும் மசக்கைக்கும் தீங்கற்றது என்று சொல்லிப் பல நாடுகளில் விற்றார்கள். கைகால் குறுகிய குழந்தைகள் பத்தாயிரத்துக்கும் மேல் பிறந்தன. ஜெர்மனியில் விடுகிண்ட் லென்ஸும் ஆஸ்திரேலியாவில் வில்லியம் மக்பிரைடும் எச்சரித்தபின், 1961 இறுதியில் அது திரும்பப் பெறப்பட்டது. அமெரிக்காவில் ஃபிரான்சஸ் கெல்சி என்ற பெண் அதிகாரி, சான்று போதாது என்று ஒப்புதலை மறுத்து அந்நாட்டுக் குழந்தைகளைக் காத்தார்.

ஆனால் வரலாறு அங்கே முடியவில்லை. அதே அமெரிக்காவில் 1956 முதல் பெண்டெக்டின் என்ற மற்றொரு மசக்கை மருந்து வழங்கி வந்தது. டாக்சிலமைன் என்னும் ஒவ்வாமை மருந்தும் பைரிடாக்சின் என்னும் பி6 வைட்டமினும் அதன் உட்பொருள்கள். தாலிடமைடு தந்த அச்சம் இதன்மேலும் பாய்ந்தது. வழக்குகள் குவிந்தன. ஆய்வுக்குமேல் ஆய்வு நடத்தியும் குறைபாட்டுக்குச் சான்று கிட்டவில்லை. இருந்தும் வழக்குச் செலவு தாளாமல் 1983இல் நிறுவனம் உற்பத்தியை நிறுத்தியது. அதன்பின் குழந்தைகளின் குறைபாடு குறையவில்லை. வாந்தி முற்றி மருத்துவமனையில் சேர்ந்த தாய்மாரின் தொகையே ஏறியது. தாலிடமைடைக் கண்டு எச்சரித்த அதே மக்பிரைடு, டெபண்டாக்ஸ் என்ற பெயரில் வழங்கிய இம்மருந்தின்மேலும் குற்றம் சுமத்தினார். பின்னர் வேறொரு மருந்தாய்வில் கணக்குகளைத் திரித்தமை வெளிப்பட, 1993இல் மருத்துவர் பதிவேட்டிலிருந்து நீக்கப்பட்டார். ஒருமுறை மெய் கண்டவர் மறுமுறையும் காண்பார் என்பதற்கு உறுதி இல்லை. அம்மருந்துக் கலவை 2013இல் அமெரிக்க அரசின் ஒப்புதலோடு வேறு பெயரில் மீண்டது. இடைப்பட்ட முப்பது ஆண்டுகள் தாய்மார் அச்சத்துக்குக் கொடுத்த விலை.

இந்தியாவில் அக்கலவை மகளிர் மருத்துவர் அன்றாடம் எழுதித்தரும் மாத்திரை. முதலில் பி6 மட்டும், பத்து முதல் இருபத்தைந்து மில்லிகிராம், நாளுக்கு மூன்று நான்கு வேளை. போதாவிடில் டாக்சிலமைன் சேர்ப்பர். மெல்லக் கரையும் வகையை உறங்கப் போகையில் விழுங்குவது, மறுநாள் காலையில் அதன் பயன் கிடைப்பதற்காக. மாலை உணவோடு விழுங்க விரும்புவோர் அதனை மருத்துவரிடம் முன்கூட்டியே சொல்ல வேண்டும். அது உறக்கம் தரும்; வண்டி ஓட்டலாகாது. ஆண்டான்செட்ரான் என்பது வலுவான மருந்து. முதல் மூன்று மாதத்தில் அதனை உண்ட தாய்மாரிடம் பத்தாயிரம் பிறப்புக்கு மூன்று என்ற அளவில் உதட்டுப் பிளவு, அண்ணப் பிளவு கூடியதாக 2018இல் வந்த பெரிய ஆய்வு காட்டியது. ஆகையால் முன்னவை பலிக்காதபோதே அதனைத் தருதல் முறை. மற்றொன்று: பளபளப்பான மருந்துக் குளிகைகளின் உறை பெரும்பாலும் விலங்கின் எலும்பிலும் தோலிலும் எடுத்த ஜெலட்டின். மாத்திரையாகவோ சொட்டாகவோ எழுதித் தரும்படி கேட்டால் தருவார்கள்; கேட்காமல் மருந்தையே ஒதுக்கிவிடுவது வேண்டா.

ஒருநாள் முழுதும் நீர்கூடத் தங்காமை, சிறுநீர் அடர்ந்து குறைதல், நிற்கையில் தலைசுற்றல், எடை இறங்கல், வாந்தியில் இரத்தம், காய்ச்சல், வயிற்றுவலி — இவற்றுள் ஒன்று காணினும் அன்றே மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். ஒன்பதாம் வாரத்துக்குப் பின் முதன்முறையாகத் தொடங்கும் வாந்தியை மசக்கை என்று விட்டுவிடலாகாது. அங்கே உப்புநீர் ஏற்றுவார்கள். இரட்டைக் கருவா, முத்துக்கருவா, தைராய்டு மிகையா என்றும் பார்ப்பார்கள். ஊரில் உள்ள சிறு மருத்துவகத்தில் “ஒரு குளுக்கோஸ் போட்டுவிடுங்கள்” என்று கேட்டு வாங்கும் வழக்கம் பரவலாக இருக்கிறது. வாரக்கணக்கில் வாந்தியெடுத்த பெண்ணின் உடலில் தயமின் என்னும் பி1 வற்றியிருக்கும். அந்நிலையில் தயமின் தராமல் குளுக்கோஸ் ஏற்றினால் மூளை பாதிக்கப்பட்டுக் கண் அலைதல், நடை தள்ளாடல், நினைவுக் குழப்பம் நேரலாம். தயமின் கொடுத்தாயிற்றா என்று கேட்பதற்குக் கணவனோ தாயோ தயங்க வேண்டியதில்லை.

முதற் பேற்றில் கடும் மசக்கை கண்டவர்க்கு அடுத்த பேற்றிலும் அது திரும்புவது பெரும்பான்மை. அத்தகையோர் கருவுற்றது உறுதியானவுடன், வாந்தி தொடங்குமுன்னரே மாத்திரையைத் தொடங்கினால் வேகம் தணிகிறது. எனவே, முதல் முறை என்ன மருந்து எந்த வாரத்தில் பலித்தது, எத்தனை கிலோ இறங்கியது என்பவற்றைக் குறித்த மருத்துவச் சீட்டைப் பிள்ளை பிறந்ததும் எறிந்துவிடாமல், பிறப்புச் சான்றிதழோடு சேர்த்து வைக்கவும்.