நைராவில் பாட்டு, டொலரில் லாபம்

எங்கள் மாதாந்தச் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம் இது. பேச்சுத்தமிழ் வந்த இடங்களை அப்படியே விட்டிருக்கிறேன்.



இண்டைக்கு நைஜீரிய இசையைப் பற்றிக் கதைப்பம். இந்த அறையில இருக்கிற ஆருக்கும் அதை அறிமுகப்படுத்தத் தேவையில்லை. எங்கட பிறந்தநாள் கொண்டாட்டங்களிலயும் கலியாண வீடுகளிலயும் விஜய் பாட்டு முடிஞ்ச கையோட ரேமாவோ பேர்ணா போயோ வந்திடுவினம்.

வழக்கமா இந்த வளர்ச்சியை மூன்று விதமாச் சொல்லுவினம். அரசாங்கங்கள் அதை 'மென்பலம்' எண்டு சொல்லும். கொம்பனிகள் 'வளரும் சந்தை' எண்டு சொல்லும். எங்களை மாதிரி வெளிநாட்டில பிறந்த பிள்ளைகள் 'பிரதிநிதித்துவம்' எண்டு சொல்லுவம். மூன்றிலயும் கொஞ்சம் உண்மை இருக்கு. ஆனா அந்தப் பாட்டில இருந்து வாற காசு எங்க பிறக்குது, எங்க போய்ச் சேருது எண்டு மூன்றுமே கேட்கிறதில்லை. நான் அதைத்தான் கேட்க வந்திருக்கிறன்.

வளர்ச்சி உண்மைதான்

முதலில் நடந்ததை மரியாதையோடு பார்ப்பம். 2016இல் ட்ரேக்கின் 'வன் டான்ஸ்' பாட்டில் விஸ்கிட் சேர்ந்து பாடினார். அது அமெரிக்காவின் பில்போர்ட் பட்டியலில் 10 வாரம் முதலிடத்தில் இருந்தது. ஆனால் அது ட்ரேக்கின் பாட்டு. 2020இல் விஸ்கிட் தன் சொந்தத் தொகுப்பான 'மேட் இன் லாகோஸ்' வெளியிட்டார். அதில் டெம்ஸுடன் பாடிய 'எஸன்ஸ்' அடுத்த ஆண்டு அதே பட்டியலில் முதல் பத்துக்குள் வந்தது. ரேமாவின் 'காம் டவுன்', செலீனா கோமஸ் சேர்ந்து பாடிய வடிவத்தில், மூன்றாம் இடம் வரை போனது. 2023 ஜூனில் பேர்ணா போய் கிழக்கு லண்டனில் ஒரு விளையாட்டரங்கத்தையே நிரப்பினார். 2024இல் கிராமி விருதுகளில் ஆபிரிக்க இசைக்கென்று ஒரு பிரிவு முதன்முறையாக வழங்கப்பட்டது. பரிந்துரைக்கப்பட்ட ஐந்து பாட்டுகளில் நான்கு நைஜீரியர்களுடையவை. விருதை வென்றது தென்னாபிரிக்காவின் டைலா.

இதை ஆர் கட்டி எழுப்பினது? அரசு இல்லை. பெரிய இசைக் கொம்பனிகளும் இல்லை. அவை விட்டுட்டுப் போன இடத்திலதான் இந்த இசை வளர்ந்தது.

கொம்பனிகள் போன பிறகு

1970களில் நைஜீரியாவில் எண்ணெய்ப் பணம் இருந்தது. ஈஎம்ஐ, டெக்கா, பொலிகிராம் எல்லாம் லாகோஸில் இசைத்தட்டு வெளியிட்டன. அந்தக் காலத்தில்தான் ஃபேலா குட்டி ஆஃப்ரோபீட் என்ற இசையை உருவாக்கி, இராணுவ ஆட்சியைப் பாட்டிலேயே கிழித்தார். 1977 பெப்ரவரி 18ஆம் திகதி ஏறத்தாழ ஆயிரம் படையினர் அவரது வீட்டைச் சுற்றி வளைத்து எரித்தார்கள். அவரது தாய் ஃபுன்மிலாயோ ரான்சம் குட்டியை யன்னலால் வெளியே எறிந்தார்கள். அந்தக் காயங்களோடு அடுத்த ஆண்டு அவர் இறந்தார். ஃபேலாவின் அம்மா என்று மட்டும் அவரைச் சொல்லிவிட்டுப் போக முடியாது. 1940களில் அபெயோகுட்டா நகரில், பெண்கள் மீது காலனிய ஆட்சி போட்ட வரிக்கு எதிராகச் சந்தைப் பெண்களைத் திரட்டியவர் அவர்.

பிறகு எண்ணெய் விலை விழுந்தது. கடன் ஏறியது. 1985இல் ஐஎம்எஃப் கடன் வாங்குவதா என்று நாடு முழுக்க விவாதம் நடந்தது. மக்கள் வேண்டாம் என்றார்கள். அரசும் கடன் வேண்டாம் என்று அறிவித்தது. ஆனால் அடுத்த ஆண்டே 'கட்டமைப்புச் சீராக்கம்' என்ற பெயரில் அதே நிபந்தனைகளை நடைமுறைப்படுத்தியது. இலங்கையைப் பார்த்துக்கொண்டிருக்கிற எங்களுக்கு இதை மேலும் விளக்கத் தேவையில்லை.

நைரா சரிந்தது. வெளிநாட்டிலிருந்து வரவேண்டிய இசைக்கருவி, மூலப்பொருள், உதிரிப்பாகம் எல்லாவற்றுக்கும் விலை ஏறியது. வெளிநாட்டு இசைக் கொம்பனிகள் ஒன்றன்பின் ஒன்றாக வெளியேறின.

அப்ப இளைஞர்கள் என்ன செய்தவை? தேவாலயப் பாடகர் குழுக்களில பாட்டும் தாளமும் பழகினவை. பெரிய வாத்தியக் குழு வைக்க வசதியில்லை. அதால ஒரு பழைய கணினி, திருட்டுப் பிரதியான மென்பொருள், அடிக்கடி நிண்டு போற மின்சாரம், அதுக்கு ஒரு ஜெனரேட்டர் எண்டு வேலை செய்தவை. விநியோகத்துக்கு லாகோஸின்ர அலாபா சந்தை இருந்தது. திருட்டு கசெட்டும் சீடியும் விற்ற அதே வியாபாரிகள்தான் பாட்டை நாடு முழுக்கக் கொண்டு போச்சினம். பாடகருக்கு ஒருமுறை மொத்தமாக் கொஞ்சக் காசு கிடைக்கும், சில நேரம் அதுவும் இல்லை. ஆனா பாட்டு ஒவ்வொரு மினிபஸ்ஸிலயும் ஒலிக்கும். அந்தப் பேரை வச்சு மேடை நிகழ்ச்சியில உழைக்கலாம்.

இதை நான் புனிதப்படுத்த வரவில்லை. அலாபா முறை கலைஞர்களைச் சுரண்டியது. பின்னால் கைத்தொலைபேசி அழைப்புப் பாட்டு வந்தபோது, தொலைபேசிக் கொம்பனிகள் பெரும்பங்கை எடுத்துக்கொண்டன. ஆனாலும் 2005இல் எம்டிவியின் ஆபிரிக்க அலைவரிசை தொடங்கியபோது, முதல் காணொளியாகப் போட ஒரு லாகோஸ் பாட்டு தயாராக இருந்தது: டூஃபேஸின் 'ஆஃப்ரிக்கன் குயீன்'. பன்னாட்டுக் கொம்பனிகளின் முதலீட்டில் வந்த பாட்டல்ல அது.

புலம்பெயர்ந்தவர்களுக்கும் இதில் பங்கு உண்டு. லண்டனில் நைஜீரிய, கானா பிள்ளைகளின் மண்டப நிகழ்ச்சிகளும் வானொலி டிஜேக்களும்தான் இந்தப் பாட்டுகளை ஒரே வகையாகத் திரட்டி 'ஆஃப்ரோபீட்ஸ்' என்ற பெயரைப் பரப்பினார்கள். ஃபேலாவின் 'ஆஃப்ரோபீட்' வேறு, இது வேறு. ஒரு எழுத்துத்தான் வித்தியாசம், ஆனால் இரண்டையும் குழப்பக்கூடாது.

திரும்பி வந்தவர்கள்

சந்தை தயாரான பிறகு பெரியவர்கள் திரும்பி வந்தார்கள். சோனி 2016இல் லாகோஸில் அலுவலகம் திறந்தது. 2018இல் யூனிவர்சல் வந்தது. ரேமாவையும் ஐரா ஸ்டாரையும் வளர்த்தெடுத்த மேவின் என்ற லாகோஸ் நிறுவனத்தின் பெரும்பான்மைப் பங்கை யூனிவர்சல் வாங்குவதாக 2024 பெப்ரவரியில் அறிவிப்பு வந்தது. டொன் ஜாஸி 2012இல் தொடங்கிய நிறுவனம் அது.

டொன் ஜாஸியைத் துரோகி எண்டு சொல்ல நான் வரேல்லை. உள்ளூர் வங்கி ஒரு பாடகருக்குக் கடன் குடுக்காது. உலகச் சுற்றுப்பயணம், விளம்பரம், விசா, சட்டத்தரணி எல்லாத்துக்கும் டொலர் வேணும். டொலர் இருக்கிற இடத்துக்குத்தானே போகோணும். அப்படியெண்டால், டொலர் ஏன் அங்க மட்டும் இருக்கு?

ஒரு பாட்டின் கணக்கு

கொஞ்சம் கணக்குப் பாப்பம். பயப்பிடாதேங்கோ, பெருக்கலும் பிரித்தலும்தான்.

ஸ்பொட்டிஃபை 2021இல் நைஜீரியாவுக்கு வந்தபோது மாதச் சந்தா 900 நைரா. அதே நேரம் பிரித்தானியாவில் 9.99 பவுண். வருமானத்தில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு உரிமையாளர்களுக்குப் போகும். ஒவ்வொரு நாட்டுப் பணமும் அந்த நாட்டில் கேட்கப்பட்ட பாட்டுகளுக்கிடையே பிரியும். ஒருவர் மாதம் 600 பாட்டுக் கேட்கிறார் என்று வைப்பம். வரியை விட்டுவிட்டால், லாகோஸில் ஒரு பாட்டுக்கு 1 நைரா வரும். லண்டனில் 1 பென்ஸுக்குச் சற்று மேல் வரும். அன்றைய மாற்று விகிதத்தில் லண்டன் காது லாகோஸ் காதைவிட ஆறு மடங்கு பெறுமதி. நைரா விழுந்த பிறகு இடைவெளி இன்னும் பெரிசு.

அதாவது, அந்த மொழியும் அந்தத் தெருவும் தெரிந்த ரசிகரைவிட, எங்களை மாதிரி ஆட்கள் கேட்பதுதான் பாடகருக்கு லாபம். அப்ப பாட்டை ஆருக்காக எழுதுவினம்? எந்த ஊருக்கு ஏற்றமாதிரி நீளம் குறைப்பினம், ஆரைச் சேர்த்துப் பாடுவினம்? நைஜீரியாவில விமர்சகர்கள் இதைப் பல வருசமாக் கேட்டு வருகினம்.

இன்னொரு கணக்கு. நைஜீரியக் கலைஞர்களின் பாட்டுகள் 2023இல் 25 பில்லியன் நைராவும், 2024இல் 58 பில்லியன் நைராவும் ஈட்டியதாக ஸ்பொட்டிஃபை சொன்னது. இரட்டிப்புக்கு மேல் வளர்ச்சி என்று தலைப்புச் செய்தி வந்தது. ஆனால் 2023 ஜூனில் நைராவின் மாற்று விகிதத்தைத் தளர்த்திவிட்டார்கள். அதுக்கு முதல் ஒரு டொலர் 460 நைரா அளவில் இருந்தது. 2024 முடிவில் 1,500 நைராவுக்கு மேல். அந்தந்த ஆண்டின் சராசரி விகிதத்தில் மாற்றிப் பாருங்கோ: இரண்டு ஆண்டும் ஏறத்தாழ 40 மில்லியன் டொலர்தான்.

இப்ப இதோட குறைந்தபட்சக் கூலியை வச்சுப் பாருங்கோ. 2019இல் மாதம் 30,000 நைரா. 2024இல் தொழிற்சங்கங்கள் போராடி 70,000 ஆக்கின. நைராவில் இரட்டிப்புக்கு மேல். டொலரில் 80க்கு மேல் இருந்தது, 50க்குக் கீழ் விழுந்தது. பாடகரின் வருமானத்தையும் துப்புரவுத் தொழிலாளியின் சம்பளத்தையும் ஒரே விசைதான் இழுக்குது. அதால இதை 'இசைத்துறைப் பிரச்சினை' எண்டு தனியாப் பிரிச்சுப் பார்க்கேலாது. லாகோஸ் தொழிலாளியின்ர கூலி மலிவா இருக்கும் வரைக்கும், லாகோஸ் ரசிகரின்ர காதும் மலிவாத்தான் இருக்கும்.

பாட்டும் சுங்கச்சாவடியும்

'மென்பலம்' என்று பெருமைப்படும் அரசு பாட்டை எப்படி நடத்துகிறது? ஈட்ரிஸ் அப்துல்கரீமின் 2004ஆம் ஆண்டுப் பாட்டு வானொலியில் தடைசெய்யப்பட்டது. 2025இல் அவரது இன்னொரு பாட்டும் தடைசெய்யப்பட்டது. இடையில் 21 ஆண்டுகள், இராணுவ ஆட்சி இல்லை, எல்லாம் தேர்தலில் வந்த அரசுகள்.

2020 ஒக்ரோபரில் சார்ஸ் என்ற பொலிஸ் பிரிவின் கொலைகளுக்கும் கப்பத்துக்கும் எதிராக இளைஞர்கள் தெருவில் இறங்கினார்கள். ஃபால்ஸ், ரன்டவுண் போன்ற பாடகர்கள் தொடக்கத்திலேயே ஊர்வலம் போனார்கள். டாவிடோவின் 'ஃபெம்' பாட்டு அரசியல் பாட்டே இல்லை. 'வாயை மூடு' என்பதுதான் தலைப்பின் பொருள். போராட்டக்காரர் அதை எடுத்து ஆட்சியாளர்களை நோக்கிப் பாடினார்கள். ஒக்ரோபர் 20 இரவு லெக்கி சுங்கச்சாவடியில் படையினர் சுட்டார்கள். டிஜே ஸ்விட்ச் என்ற பெண் அதை இன்ஸ்டகிராமில் நேரலையாக உலகுக்குக் காட்டினார். பிறகு அவர் நாட்டை விட்டே வெளியேற வேண்டியிருந்தது.

பத்து நாளில் 'மேட் இன் லாகோஸ்' வெளிவந்தது. நாங்கள் எல்லாம் ஆடினோம். ஆடினது பிழை எண்டு சொல்லேல்லை. அந்த ஊரில அந்த மாதம் வேறென்ன நடந்தது எண்டு தெரிஞ்சுகொண்டு ஆடுவம் எண்டுதான் சொல்லுறன்.

நாங்கள் என்ன செய்யலாம்

நான்கு விசயம் சொல்லி முடிக்கிறன்.

ஒன்று, ஒரு பாட்டுக்கு ஒரு சென்ட் கேட்டு அமெரிக்க இசைத் தொழிலாளர் சங்கம் 2020இல் ஒரு இயக்கம் தொடங்கியது. நல்ல கோரிக்கை. ஆனால் மேலே சொன்ன கணக்கில், 600 பாட்டுக்கு 6 டொலர். 900 நைரா அன்று இரண்டு டொலரைச் சற்றுத் தாண்டும், அவ்வளவுதான். ஆகவே நாட்டுக்கு நாடு தனித்தனிப் பானையை வைத்துக்கொண்டு இது நடக்காது. எல்லா நாட்டு வருமானத்தையும் ஒரே பானையில் போட்டுப் பிரிக்கச் சொல்லி நாங்கள் அந்தச் சங்கங்களுக்குள் வாதாட வேண்டும். இங்கே செலுத்தும் பணக்கார நாட்டுச் சந்தாதான் அங்கே போகவேண்டும்.

இரண்டு, 2021இல் பிரித்தானிய நாடாளுமன்றக் குழு ஒன்று இணைய இசை வருமான முறையை முழுமையாக மாற்ற வேண்டும் என்று அறிக்கை விட்டது. அந்த விவாதம் இன்னும் முடியவில்லை. அதில் பேசப்படும் உரிமை லாகோஸில் இருக்கிற பாடகருக்கும் தாளம் போட்டவருக்கும் பொருந்த வேணும் எண்டு கேட்பம்.

மூன்று, விசா. பாட்டுக் கோப்பு ஒரு நொடியில எல்லை தாண்டுது. அதைப் பாடினவரும் வாசிச்சவையும் தூதரக வாசலில வங்கிக் கணக்குக் காட்டிக்கொண்டு நிக்கினம். அகதிகளுக்காக நாங்கள் ஏற்கெனவே செய்யிற வேலையோட இதையும் சேர்க்கலாம்.

நான்கு, கடன். நைராவை விழுத்தின கொள்கைகளை எழுதுற நிறுவனங்கள்தான் கொழும்பிலயும் வந்து இருக்கினம். கடன் ரத்து இயக்கங்களில எங்கட ஆட்களும் நைஜீரிய ஆட்களும் ஒரே மேசையில இருக்கிறது கருணையால இல்லை, தேவையால.

எங்கட அடுத்த நிதிசேகரிப்பு நிகழ்ச்சிக்கு ஆஃப்ரோபீட்ஸ் போடத்தான் போறம் எண்டு தெரியும். அதுக்கு இந்த நகரத்திலயே இருக்கிற ஒரு நைஜீரிய டிஜேயைக் கூப்பிடுவம், முழுக் கூலியும் குடுப்பம். 'சமூக நிகழ்ச்சிதானே' எண்டு சொல்லிக் குறைக்கக் கேட்கக்கூடாது.

இனி உங்கட கேள்விகளையும் மறுப்புகளையும் கேட்பம்.