வீட்டுக் கடனின் முழு விலை

(நமது சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய சொற்பொழிவு)

   

குடும்பங்களுக்குப் பிரயோசனமான விஷயமொன்றைப் பற்றிப் பேசவேண்டுமென்று நமது காரியதரிசி அவர்கள் என்னைப் பணித்தார்கள். யான் பொருளாதார சாஸ்திரம் கற்றவனல்லன். கணக்குப் பார்க்கும் உத்தியோகத்தில் முப்பதாண்டு காலம் கழித்தவன். அங்ஙனமிருந்தும் என் வீட்டுக் கணக்கிலேயே தவறியவன். அந்தத் தவற்றைச் சபையில் ஒப்புக்கொண்டால் நம்மவரில் நாலு குடும்பங்களாவது முன்னெச்சரிக்கை அடையுமென்ற எண்ணத்தினாலேயே இங்கு நிற்கின்றேன்.

சொந்த வீடு என்பது நம்மவருக்கு எத்துணைப் பெரிய விஷயமென்று யான் சொல்ல வேண்டுவதில்லை. பெண் கேட்டு வருகிறவர்கள் முதலில் கேட்கும் கேள்வியே, "வீடு சொந்தமா, வாடகையா?" என்பதுதான். நம் முன்னோர் கையிருப்புச் சேர்ந்த பின்னரே கடைக்கால் தோண்டினார்கள். போதாக்குறைக்கு நிலத்தை ஒற்றி வைத்தார்கள், நகையை அடகு வைத்தார்கள். இக்காலத்திலோ, இருபத்தெட்டு வயதில் உத்தியோகம் நிலைத்ததும் பாங்கிலோ வீட்டுவசதிக் கம்பெனியிலோ கடன் பெற்று வீடு வாங்கிவிடலாம். இதை யான் குறை கூறவில்லை. கடன் இல்லையேல் நம் சங்கத்தாரில் பெரும்பாலோருக்கு இந்த ஜன்மத்தில் சொந்தக் கூரை கிட்டாது. நாம் வீட்டின் விலையைப் பத்து நாள் பேரம் பேசுகின்றோம். கடனின் விலையைப் பத்து நிமிஷமும் விசாரிப்பதில்லை. என் ஆவலாதி அதைப் பற்றியதே.

கணக்கை நேராகவே சொல்லுகின்றேன். காகிதம் வைத்திருப்பவர்கள் குறித்துக் கொள்ளலாம். ஒருவர் ரூ. 30,00,000 கடனை 9 சதவிகித வட்டியில் 20 வருஷத் தவணைக்கு வாங்குகிறார் எனக் கொள்வோம். மாதந்தோறும் கட்டவேண்டிய சமத் தவணை, அதாவது எல்லோரும் இ.எம்.ஐ. என்று சொல்லுவது, ரூ. 26,992. இருபது வருஷமும் ஒழுங்காய்க் கட்டினால் மொத்தம் ஏறத்தாழ ரூ. 64,78,000. வாங்கியது முப்பது லக்ஷம். வட்டி மட்டும் முப்பத்து நான்கே முக்கால் லக்ஷத்துக்கு மேல். ஒரு வீட்டுக்குக் கடன் வாங்கி இரண்டு வீட்டுக்கு விலை கொடுத்தாற்போல் ஆகின்றது.

இந்தப் பணம் எப்படிப் போகின்றதென்று பார்ப்போம். வட்டி கணக்கிடப்படுவது நிலுவை அசலின் மேல். முதல் மாதம் நிலுவை முழு முப்பது லக்ஷம். அதற்கு ஒரு மாத வட்டி ரூ. 22,500. தவணையில் அது போக மீதி ரூ. 4,492 மாத்திரமே அசலில் கழிகிறது. மறு மாதம் அசல் இம்மியளவு குறைந்ததனால் வட்டியும் இம்மியளவு குறைகிறது. இப்படி நத்தை நடையாய்ச் செல்லுகையில், ஐந்து வருஷம் கழித்துப் பார்த்தால் கட்டியது ரூ. 16,19,500, அசலில் குறைந்தது ரூ. 3,38,800 தான். இருபது வருஷக் கடனில் பத்தாம் வருஷம் பாதிக்கடன் தீர்ந்திருக்கும் என்றே எல்லோரும் எண்ணுகிறார்கள். பத்தாம் வருஷ முடிவில் இருபத்தொன்றேகால் லக்ஷத்துக்கு மேல் பாக்கி நிற்கும். அசலில் பாதி தீருவது பதினான்காம் வருஷ முடிவில். இதில் பாங்குக்காரர் செய்யும் சூது ஏதுமில்லை. கூட்டல் கழித்தல் அறிந்த எவரும் போட்டுப் பார்க்கக்கூடிய கணக்கே. நாம் போட்டுப் பார்ப்பதில்லை, அவ்வளவே.

இனி, தவணைக் காலத்தைப் பற்றிச் சிறிது நின்று பேச விரும்புகின்றேன். மேற்படி கடனையே 30 வருஷத்துக்கு வாங்கினால் மாதத் தவணை ரூ. 24,139 ஆகக் குறைகிறது. மாதம் ரூ. 2,853 மிச்சம் என்று மனம் மகிழ்கிறது. ஆனால் மொத்த வட்டி ரூ. 56,90,000 ஆக உயர்ந்து விடுகிறது. இருபது வருஷக் கணக்கைக் காட்டிலும் இருபத்திரண்டு லக்ஷம் அதிகம். அதே கடனை 15 வருஷத்தில் தீர்ப்பதானால் மாதம் ரூ. 30,428, இருபது வருஷத் தவணைக்கு மேல் ரூ. 3,436 தான் கூடுதல், வட்டியில் மிஞ்சுவதோ பத்து லக்ஷம். வட்டி விகிதம் காற்சதவிகிதம் குறையுமா என்று நான்கு பாங்குகளின் வாசற்படி ஏறி இறங்குபவர்கள், காலத்தைப் பற்றி ஒரு வார்த்தை கேட்பதில்லை. "மாதம் எவ்வளவு?" என்பதே கேள்வி. "மொத்தம் எவ்வளவு? எந்த வயது மட்டும்?" என்று கேட்பார் அரியர்.

இங்கே ஒரு பழைய சட்டத்தை நினைவூட்டுகிறேன். ராஜாஜி அவர்கள் சென்னை மாகாணத்தின் பிரதம மந்திரியாயிருந்த 1938-ஆம் வருஷத்தில் விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம் இயற்றப்பட்டது. 1932 அக்டோபர் 1-ஆம் தேதிக்கு முன் பட்ட கடனுக்கு, அசலும் வட்டியுமாக அசலின் இரு மடங்கு ஏற்கெனவே செலுத்திவிட்ட விவசாயியின் கடன் முழுதும் தீர்ந்ததாகக் கொள்ளவேண்டுமென்று அச்சட்டம் விதித்தது. விளைபொருள் விலை வீழ்ந்து குடியானவர்கள் தவித்த காலம் அது. இரு மடங்கு கொடுத்தவன் போதுமான அளவு கொடுத்துவிட்டான் என்று அன்று சட்டசபை கருதிற்று. நாமோ இருபது வருஷக் கடனில் இரு மடங்குக்கு மேலும், முப்பது வருஷக் கடனில் ஏறத்தாழ மூன்று மடங்கும் தருவதாக, இனிப்பு வழங்கிக் கையொப்பம் இடுகின்றோம்.

இந்த ஒப்புமை முற்றும் பொருந்துமென்று யான் வாதிக்க மாட்டேன். இருபது வருஷங் கழித்துக் கொடுக்கும் ரூபாய், இன்றைய ரூபாயைப் போல் கனமுடையதன்று, சம்பளமும் ஏறும். வாடகை மிச்சமாகும், மனையின் விலை உயரவுங் கூடும். இவற்றையெல்லாம் எதிர்க்கட்சியாகச் சொல்பவர்கள் சொல்வது நியாயமே. ஆனால், "வருமான வரியில் சலுகை இருக்கிறதே, கடனை ஏன் சீக்கிரம் அடைக்க வேண்டும்?" என்று ஒரு சிநேகிதர் கேட்டதற்கு மட்டும் மறுமொழி உண்டு. பழைய வரி முறையைத் தேர்ந்தவர் தாம் குடியிருக்கும் வீட்டுக்கு வருஷத்தில் ரூ. 2,00,000 வரையிலான வட்டியையே வருமானத்திலிருந்து கழிக்கலாம். புதிய முறையில் அதுவும் இல்லை. முதல் வருஷம் நாம் தரும் வட்டி ரூ. 2,67,720. முப்பது சதவிகித வரி கட்டுபவருக்கும் அதில் மிஞ்சுவது அறுபதாயிரத்துச் சொச்சமே.

இப்பொழுது என் வீட்டுக் கதைக்கு வருகிறேன். 2021-ஆம் வருஷம் ஆவணி மாதத்தில் என் குமாரன் வீடு வாங்கினான். அப்பொழுது ரிசர்வ் பாங்கின் ரெப்போ விகிதம் 4 சதவிகிதமாகத் தாழ்ந்திருந்தது. அவனுக்கு 7 சதவிகிதத்தில் முப்பது லக்ஷம் கிடைத்தது, தவணை ரூ. 23,259. வட்டி மாறும் வட்டி என்று பத்திரத்தில் எழுதியிருந்தது. "மாறினால் என்ன, அரையோ காலோ மாறும்" என்று சொல்லிக் கையெழுத்திடச் செய்தவன் யானே.

2022 மே மாதத்திலிருந்து ரெப்போ விகிதம் ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.50 ஆயிற்று, இரண்டரை சதவிகித ஏற்றம். எங்கள் தவணை மாத்திரம் மாறவில்லை. மாதம் அதே ரூ. 23,259 கணக்கிலிருந்து போயிற்று. அதைக் கண்டு யான் நிம்மதியாயிருந்தேன். கைப்பேசிக்கு வந்த ஆங்கிலச் செய்திகளை என் குமாரன் படித்தானில்லை. தபாலில் வந்த கடிதமொன்றை யானே வாங்கிப் பீரோவில் வைத்துப் பூட்டினேன்.

ஒரு நாள் மாலை என் மருமகள் கடன் கணக்கின் விவரப் பட்டியலை எடுத்துவந்து என் முன் வைத்து, "மாமா, இந்த மாதம் கட்டியதில் அசலுக்குச் சேர்ந்தது சில நூறு ரூபாய்தான். நாம் கடனைக் கட்டுகிறோமா, வெறும் வட்டியைக் கட்டுகிறோமா?" என்று கேட்டாள். முப்பதாண்டு கணக்கு எழுதிய எனக்கு அந்தக் கேள்விக்கு விடை தெரியவில்லை. கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு அவ்விரவு முழுவதும் கணக்குப் போட்டேன்.

வட்டி படிப்படியாய் ஏறியதை விடுத்து, பதினெட்டு மாதத் தவணைகளுக்குப் பின் ஒரே நாளில் 9.5 ஆயிற்று என்று எளிமைக்காகக் கொள்வோம். நிலுவை ரூ. 28,91,000. அதற்கு ஒரு மாத வட்டி ரூ. 22,887. தவணையில் அசலுக்கு எஞ்சுவது ரூ. 372. இந்த வேகத்தில் கடன் தீர இன்னும் 524 மாதம், அதாவது நாற்பத்து மூன்று வருஷத்துக்கு மேல் ஆகும்! என் குமாரனுக்கு அப்போது வயது முப்பத்தாறு. எந்தப் பாங்கும் அவ்வளவு காலம் பொறுத்திராது. வயது வரம்பைக் காட்டி ஒரு கட்டத்தில் தவணையை ஏற்றியே தீரும். தவணை மாறவில்லையென்று நாம் மகிழ்ந்திருந்த காலமெல்லாம் கடன் நம் பேரன் தலைவரை நீண்டுகொண்டிருந்தது. பீரோவில் வைத்திருந்த கடிதமும் காலம் நீட்டப்பட்ட செய்தியையே தெரிவித்தது.

மூலக் கெடுவுக்குள்ளேயே தீர்ப்பதாயின் மாதம் ஏறத்தாழ ரூ. 27,700 கட்ட வேண்டும் என்று கணக்கு வந்தது. அந்த வருஷம் என் மருமகள் கட்டிவந்த சீட்டு ஒரு லக்ஷம் முடிவுக்கு வந்தது. மாடியில் ஓர் அறை எடுக்க அதை உபயோகிக்கலாமென்று யான் சொல்லியிருந்தேன். "அறை பிறகு எடுக்கலாம் மாமா, முதலில் அசலைக் குறைப்போம்" என்று அவள் சொன்னாள். அவள் சொன்னதே நடந்தது; தவணையையும் ஏற்றச் சொல்லி எழுதிக் கொடுத்தோம்.

முன்கூட்டிச் செலுத்தும் ஒரு லக்ஷத்தின் பலம் என்னவென்பதை முதலில் சொன்ன 9 சதவிகிதக் கணக்கிலேயே பாருங்கள். முதல் வருஷ முடிவில் ஒரு லக்ஷத்தை அசலில் கட்டித் தவணையை மாற்றாது விட்டால், கடன் 19 மாதம் முன்னதாகத் தீருகிறது. வட்டியில் நான்கு லக்ஷத்துக்கு மேல் மிஞ்சுகிறது. அதையே பதினெட்டாம் வருஷத்தில் கட்டினால் பலன் அற்பம். வயது முதிர்ந்த பின் ஓய்வூதியப் பணத்தை மொத்தமாய்க் கொண்டுபோய்க் கட்டுவதைப் பெருமையாய் எண்ணுகிறோம்; வட்டியெல்லாம் அதற்கு முன்பே போய்விட்டிருக்கும். மாறும் வட்டியில் தனிமனிதர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்குப் பாங்குகள் அபராதம் வசூலிப்பதை ரிசர்வ் பாங்கு 2012-லேயே நிறுத்திவிட்டது என்பதையும் அறிக. பணம் கட்டும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுத்து மூலம் கொடுத்து அத்தாட்சி பெறுவது அவசியம்.

எங்களைப் போல் தவித்தவர் பலராதலால், 2023 ஆகஸ்டில் ரிசர்வ் பாங்கு ஓர் ஆணை பிறப்பித்தது. வட்டி மாறுங்கால் தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சேர்த்துச் செய்வதா என்று கடன் பெற்றவரைக் கேட்க வேண்டும். அவரவர் பாங்கின் விதிகளுக்குட்பட்டு நிலை வட்டிக்கு மாறும் வசதி தரவேண்டுமென்றும் 2025 வரை விதியிருந்தது; இப்பொழுது அது பாங்கின் விருப்பம். நீட்டிய காலம், தவணை வட்டிக்கே போதாத நிலையை உண்டாக்கலாகாது. மூன்று மாதத்துக்கொருமுறை கட்டிய அசல், வட்டி, மீதித் தவணைகள் இவற்றைக் காட்டும் பட்டியல் தரவேண்டும். ஆணை இருக்கிறது; பட்டியலும் வருகிறது. பிரித்துப் பார்ப்பது நம் பொறுப்பு.

2025-ஆம் வருஷத்தில் ரெப்போ விகிதம் படிப்படியாய் இறங்கி டிசம்பரில் 5.25 ஆயிற்று. அந்த இறக்கம் உங்கள் கணக்கில் வந்து சேர்ந்ததா என்று விசாரியுங்கள். 2019 அக்டோபருக்குப் பின் பாங்குகளில் வாங்கிய மாறும் வட்டிக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டவை. அதற்கு முற்பட்டவை பழைய அளவுகோலிலேயே நின்று மெதுவாய் இறங்கக்கூடும். வீட்டுவசதிக் கம்பெனிகளுக்கு அந்த விதி இல்லை; அவை தம் சொந்த அளவுகோலையே வைத்துள்ளன. வட்டி இறங்கியதென்று தவணையைக் குறைத்துக் கேட்கும் நண்பர்களை யான் கண்டிருக்கிறேன். பழைய தவணையையே கட்டி வந்தால் வருஷங்கள் தாமே உதிரும்.

இன்னொரு சிறு செய்தி: கடன் தருகையில் இன்ஷூரன்ஸ் பிரீமியத்தையும் கடனோடு சேர்த்துவிடும் வழக்கம் உண்டு. கடனில் ஏறிய ஒரு லக்ஷம் பிரீமியம், 9 சதவிகிதத்தில் இருபது வருஷத்தில் இரண்டு லக்ஷத்துப் பதினாறாயிரமாகிறது. குடும்பத் தலைவனுக்கு ஆயுள் காப்பு இன்றியமையாதது. ஆனால் அதைத் தனியே வாங்கிக் கைப்பணத்தில் கட்டலாம். கடன் தீர்ந்தபின் மூலப் பத்திரங்களை முப்பது நாளுக்குள் திருப்பித் தரவேண்டும். பாங்கின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு ரூ. 5,000 நஷ்டஈடு என்பது 2023 டிசம்பர் முதல் அமலில் உள்ள விதி.

என் குமாரனின் கணக்குப் பட்டியல் இப்பொழுது பீரோவில் இல்லை. சமையலறைக் கதவின் உட்புறம் ஒட்டப்பட்டிருக்கிறது. மூன்று மாதத்துக்கொருமுறை என் மருமகள் பழையதைக் கிழித்துப் புதியதை ஒட்டுகிறாள். மாடி அறை இன்னும் எடுக்கவில்லை.

காரியதரிசி அவர்களின் சம்மதத்தோடு ஒன்று தெரிவித்துக் கொள்கிறேன். வருகிற இரண்டு ஞாயிற்றுக்கிழமைகளிலும் காலை பத்து மணி முதல் பன்னிரண்டு வரை நமது சங்கத்து வாசகசாலையில் யான் இருப்பேன். வீட்டுக் கடன் உள்ள அங்கத்தினர்கள் தங்கள் கணக்குப் பட்டியலையும் கடன் அநுமதிக் கடிதத்தையும் கொண்டுவந்தால், இருவருமாய் உட்கார்ந்து கணக்குப் போட்டுப் பார்க்கலாம். தொகையைப் பிறரறியச் சொல்ல மாட்டேன். பெண்மக்களும் உடன் வருவது நல்லது.