பணிக்கரின் மகன் பற்றவைத்தது

ஃபர்ஸ்ட் ஷிப்ட் முடிந்து யூனிஃபார்மோடு வந்திருக்கும் தம்பிகளே!

'தந்தையும் கலைஞனான மகனும்' என்று தலைப்புக் கொடுத்தார்கள். பேசுவது தொழிற்சாலைகள் நிறைந்த மறைமலை நகரில். அதனால் தாமிரத்தையும் பித்தளையையும் வெட்டி, வளைத்து, வெல்டு வைத்துச் சிற்பம் செய்த ஒருவரைப் பிடித்துக்கொண்டேன். எஸ். நந்தகோபால். அவருடைய அப்பா கே.சி.எஸ். பணிக்கர், சென்னை ஓவியக் கல்லூரி முதல்வர். 1966இல் ஈஞ்சம்பாக்கத்தில் சோழமண்டலம் ஓவியர் கிராமத்தைத் தொடங்கியவர்.

பணிக்கருக்கு இளவயதிலேயே தகப்பனார் தவறிவிட்டார். குடும்பத்துக்காகத் தந்தி இலாகாவில் உத்தியோகம், அப்புறம் இன்சூரன்ஸ் ஏஜென்ட். ஓவியப் பள்ளிக்கு மாணவராக வந்து சேர்ந்தபோது வயது 25. வயிற்றுப்பாட்டை அறிந்த மனுஷன். முதல்வரானபோது மாணவர்களை, மெழுகு பூசிச் சாயமேற்றும் பாத்திக் துணி செய்து விற்கச் சொன்னார். ஓவியம் விலைபோகாத மாதத்திலும் அடுப்பு எரிய வேண்டுமே! கைவினைப் பொருள் விற்ற காசில்தான் கடற்கரையோரம் கிராமத்துக்கான நிலமே வாங்கினார்கள்.

மகன் லயோலாவில் இயற்பியல் படித்துவிட்டுத்தான் ஓவியக் கல்லூரிக்குப் போனார். தூரிகையை விட்டு உலோகத்தைப் பிடித்தார். அப்பாவின் நிழலிலிருந்து தப்பித்துவிட்டார் என்றுதானே தோன்றுகிறது? கொஞ்சம் பொறுங்கள்.

சிற்பம் என்றால் சுற்றிவந்து பார்ப்போம். நந்தகோபாலின் சிற்பத்தை முன்னால் நின்று பார்க்க வேண்டும். திருவாசியோடு புறப்பாடு வரும் உற்சவரைப் பார்ப்பதுபோல, எல்லாம் முகப்பில்தான். உலோகத்தின் மேல் கோடு கோடாக இழையும் வேலைப்பாடு. 1963 முதல் பணிக்கர் வரைந்த 'சொற்களும் குறியீடுகளும்' ஓவியங்களைப் பாருங்கள்: கட்டம், சின்னம், வாசிக்க வராத எழுத்து, எல்லாமே கோடுதான். பையன் பொருளை மாற்றினார்; கோட்டை மாற்ற முடியவில்லை. மாற்ற விரும்பவில்லை என்றே நான் நினைக்கிறேன்.

1977இல் பணிக்கர் மறைந்தார். கிராமம் கலைந்துபோகவில்லை. அதைக் கட்டிக்காத்தவர்களில் முன்னால் நின்றவர் நந்தகோபால், 2017இல் தாம் மறையும்வரை. அப்பா விட்டுப்போனது சொத்தல்ல, சக கலைஞர்களோடு சேர்ந்த பொறுப்பு. அந்தச் சுமையும் சிற்பமும் ஒரே ஆளின் நேரத்தைத்தான் பங்குபோட்டுக்கொண்டன. இதை யாரும் பெரிதாகப் பேசுவதில்லை.

தம்பிகளே, வார லீவு ஒன்றில் கேளம்பாக்கம் வழியாகச் சோழமண்டலம் போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள். நாங்கள் கோட்டைத்தான் பார்ப்போம். ஜாயின்ட்டைப் பார்க்கத் தெரிந்தவர்கள் நீங்கள். நந்தகோபாலின் கைவேலை எப்படி என்று அடுத்த கூட்டத்தில் சொல்லுங்கள்.