வில்லின் எதிர்க்குரல்

(இலக்கிய வட்டத்தின் பத்தாம் ஆண்டு நிறைவு விழாவில் ஆற்றிய உரை)



ஆழ்வார் பாசுரம் தொடங்கிப் புதுக்கவிதை வரை பத்தாண்டுக் காலம் பேசிப் பழகிய மன்றம் இது. இன்று வில்லிசை வேந்தர் சுப்பு ஆறுமுகம் அவர்களைப் பற்றிப் பேசுமாறு என்னைப் பணித்திருக்கிறீர்கள். அவரைப் பற்றிப் பேசுமுன் அவர் கையில் இருந்த கருவியைப் பற்றிச் சில சொல்ல வேண்டும்.

வில்லுப்பாட்டில் நடுநாயகமாக இருப்பது ஆளுயரத்தை மிஞ்சும் ஒரு வில். அதில் தோலை முறுக்கிய நாண், உடலெங்கும் மணிகள். மண்குடத்தின் மேல் வில்லைப் பொருத்தி வைத்து, புலவர் இரு கைகளிலும் வீசுகோல் ஏந்தி நாணைத் தட்டிப் பாடுவார். குடத்தை அடிப்பவர் ஒருவர். உடுக்கை, தாளம், கட்டை ஆகியவற்றுக்கு ஆட்கள் வேறு. இவர்களுக்கெல்லாம் மேலாக, புலவர் ஓர் அடியைச் சொல்லி நிறுத்தும்போது 'ஆமா' என்று ஏற்றுச் சொல்லும் எதிர்க்குரல் ஒன்று உண்டு. அந்த எதிர்க்குரல் இல்லையேல் கதை ஓர் அடிகூட நகராது. இதைத் தாங்கள் மனத்தில் கொள்ள வேண்டும். பின்னால் இதற்கு வருவேன்.

சுப்பு ஆறுமுகம் 1928ஆம் ஆண்டு நெல்லைச் சீமையின் சத்திரம் புதுக்குளத்தில் பிறந்தார். இளமையிலேயே கவி புனையும் ஆற்றல் பெற்றிருந்தார். நெல்லையில் மாணவராக இருந்த அவருடைய பாட்டைக் கேட்ட கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் அவரைச் சென்னைக்கு அழைத்துச் சென்றார். நாகர்கோவில் மண்ணில் பிறந்த கலைவாணருக்கு வில்லின் ஓசை புதிதன்று. அவருடைய விருப்பப்படியே காந்தியடிகளின் வாழ்வை வில்லிசையாக எழுதினார் சுப்பு ஆறுமுகம். கொத்தமங்கலம் சுப்புவும் காந்தி மகான் கதையை வில்லில் பாடி ஊரூராகப் பரப்பினார். சுடலைமாடனையும் இசக்கியையும் பாடிய வில்லில் காந்தியைப் பாடலாம் என்பது அன்று பெரிய துணிவு. குமாரசாமி ராஜா தம் இல்லத்தையே காந்தி கலைமன்றத்திற்கு வழங்கிய இவ்வூரில் அந்தத் துணிவின் அருமையை நான் விளக்க வேண்டியதில்லை.

கலைவாணருக்கும் பின்னர் நாகேசுக்கும் நகைச்சுவைப் பகுதிகளை எழுதிக் கொடுத்தபோதும் அவர் வில்லைக் கைவிடவில்லை. இராமாயணம், மகாபாரதம், தேசத் தலைவர்களின் வரலாறு எனப் பலவற்றையும் வில்லுக்குக் கொண்டுவந்தார். வானொலியும் தொலைக்காட்சியும் அவர் குரலை வீடுதோறும் சேர்த்தன. 1975இல் கலைமாமணி, 2004இல் சங்கீத நாடக அகாதெமி விருது, 2021இல் பத்மஸ்ரீ என விருதுகள் வந்தன. 2015இல் வெளிவந்த 'உத்தம வில்லன்' படத்தின் வில்லுப்பாட்டிலும் அவர் பங்கு உண்டு. 2022 அக்டோபர் 10ஆம் நாள் தம் 94ஆம் வயதில் அவர் மறைந்தார். அவருடைய மகள் பாரதி திருமகன் இன்றும் வில்லேந்திப் பாடி வருகிறார்.

அன்பர்களே, அவருக்குப் புகழ்மாலை சூட்டுவதோடு நான் அமர்ந்துவிட்டால் பாதி உண்மையையே சொன்னவனாவேன். அவர் வில்லை மேடைக்குக் கொண்டுவந்தார்; ஆனால் அது புறப்பட்ட இடம் கோயில். கொடை விழாவில் வில்லுப்பாட்டு இரவு முழுவதும் நடக்கும். தெய்வத்தின் பிறப்பையோ கொலையுண்டு தெய்வமானவரின் இறப்பையோ புலவர் பாடப் பாட, கதை உச்சத்தை எட்டும் வேளையில் தாளம் விரையும். சாமி வந்து ஆடும். அமெரிக்க ஆய்வாளர் ஸ்டூவர்ட் பிளாக்பர்ன் நாகர்கோவில் வட்டாரத்தில் தங்கி இதனை ஆராய்ந்து 1988இல் ஒரு நூல் வெளியிட்டார். பிறப்புக் கதை, இறப்புக் கதை என்ற பாகுபாட்டை அந்நூலில் காணலாம். முத்துப்பட்டன் கதையை நினைத்துப் பாருங்கள். அந்தணனாகப் பிறந்து, அருந்ததியர் குலத்துப் பொம்மக்காளையும் திம்மக்காளையும் மணந்து, மாடு கவர வந்தோரோடு போரிட்டு மாண்டவன் அவன். பாபநாசத்துக்கு மேலே சொரிமுத்தையனார் கோயிலில் இன்றும் அவனுக்கு வழிபாடு உண்டு. அவன் கதையைக் கேட்கும் ஊர், சாதியின் கொடுமையையும் சேர்த்தே இரவெல்லாம் விழித்துக் கேட்கிறது.

இரண்டு மணி நேர மேடைக்கு அந்த இரவு முழுவதும் வந்து சேராது. இது சுப்பு ஆறுமுகத்தின் குறையன்று, மேடையின் இயல்பு. அவர் இல்லாதிருந்தால் நகரத்தார் வில்லையே அறியாமல் போயிருப்பர். ஆனால் மேடையைக் கேட்டவர்கள் கோயிலையும் கேட்டுவிட்டதாக எண்ணிக்கொண்டோம். தவறு அங்கேதான்.

கடல்கடந்த ஓர் எடுத்துக்காட்டு. மேற்கு ஆப்பிரிக்காவின் மாலி நாட்டில் கோரா என்றொரு கருவி உண்டு. பெரிய சுரைக்குடுக்கையைப் பாதியாக அறுத்து, தோல் போர்த்தி, 21 நரம்புகள் கட்டியது. அதனை மீட்டுவோர் பரம்பரைப் பாணர்கள். அரசர் வரலாறும் குலவரலாறும் அவர்கள் நாவில் வாழ்கின்றன. அவர்களுள் உலகப்புகழ் பெற்ற துமானி தியாபத்தே 2024 ஜூலையில் மறைந்தார். அந்நாட்டில் 13ஆம் நூற்றாண்டுப் பேரரசன் சுண்டியாட்டாவின் காவியத்தைப் பாணர் பாடும்போது, ஒவ்வோர் அடிக்கும் 'நாமு' என்று சொல்ல ஒருவர் அருகில் இருப்பார். அதன் பொருளும் 'ஆமாம்' என்பதே. எங்கோ இருக்கும் அவர்களும் நாமும் ஒரே உண்மையைக் கண்டிருக்கிறோம். பாடுவோர் மட்டும் போதாது. ஏற்றுச் சொல்வோர் வேண்டும்.

இங்கே என் குற்றம் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். மலையடிவாரத்தில் எங்கள் ஊர்க் கொடைக்கு ஆண்டுதோறும் ஒரு முதிய புலவர் வருவார். அவரிடம் தம் ஆசான் கைப்பட எழுதிய கதை நோட்டுகள் இருந்தன. நான் கல்லூரியில் தமிழ் படிக்கிறேன் என்று கேள்விப்பட்டு, "தம்பி, இதை ஒருதரம் இருந்து எழுதிக்கிடுங்க, எனக்குப் பின்னாலே பார்க்க ஆளில்லை" என்றார். தேர்வு முடியட்டும் ஐயா என்றேன். சிலம்பில் கானல்வரியை மனப்பாடம் செய்துகொண்டிருந்த எனக்கு அந்த நோட்டு இலக்கியமாகத் தோன்றவில்லை என்பதே உண்மை. மூன்றாண்டு கழித்துப் போனேன். புலவர் காலமாகியிருந்தார், வீட்டை ஒழித்தபோது நோட்டுகள் பழைய தாளோடு எடைக்குப் போயிருந்தன. அவர் கேட்டது ஒரே ஓர் 'ஆமா'. அதை நான் சொல்லவில்லை.

பேராசிரியர் நா. வானமாமலை முத்துப்பட்டன் கதை, கட்டபொம்மு கதைப்பாடல், ஐவர் ராசாக்கள் கதை முதலியவற்றைப் பதிப்பித்ததால் அவை பிழைத்தன. அவர் கைக்கு வராதவை எத்தனையோ! ஆகவே இவ்வட்டத்தின் முன் ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். பதினோராம் ஆண்டில் மாதத்துக்கு ஒரு கூட்டத்தையாவது இந்த மண்டபத்தை விட்டு வெளியே நடத்துங்கள். பங்குனி, சித்திரை, ஆடி மாதங்களில் கொடை நடக்கும் ஊர்களுக்குச் செல்லுங்கள். விடியும்வரை இருந்து கேளுங்கள். புலவரின் இசைவு பெற்று ஒலிப்பதிவு செய்யுங்கள். நோட்டுகளைப் படியெடுத்து மூலத்தை அவர் வீட்டிலேயே விட்டு வாருங்கள். அவர் பெயரைப் பதிவில் முதலில் எழுதுங்கள்.

சுப்பு ஆறுமுகம் அவர்களுக்கு நாம் செலுத்தும் அஞ்சலி அதுவாக இருக்கட்டும்.