மக்கள் காசில் பிறந்த படம்



திரைப்படம் எடுக்கப் பெருமுதலாளி வேண்டும் என்பர். 1937இல் பிறந்த கேரளத்து ஜான் ஆபிரகாம் அதனை ஏற்கவில்லை. ஆயுள் காப்பீட்டுக் கழகப் பணியைத் துறந்து, புனே திரைப்படக் கல்லூரியில் ரித்விக் கட்டக்கிடம் பயின்றவர். அவர் தமிழில் எடுத்த ‘அக்ரகாரத்தில் கழுதை’ 1977ஆம் ஆண்டுக்கான தேசிய விருது பெற்றது. பேராசிரியர் வளர்த்த கழுதையை ஊரார் கொல்கின்றனர். பின்னர் அதனையே தெய்வமாக்குகின்றனர்! பிறர் நகைக்கலாம், நமக்கு நகைப்பு மட்டும் வராது.

1984இல் ஒடேஸா என்னும் அமைப்பைத் தோழர்களுடன் தொடங்கினார். ஊர் ஊராகப் படங்களைத் திரையிட்டுச் சிறுசிறு தொகையாகத் திரட்டினர். அப்பணத்தில் 1986இல் உருவானது ‘அம்ம அறியான்’. இறந்த இளைஞனின் செய்தியை அவன் தாயிடம் தெரிவிக்கப் புறப்பட்டவர் கூட்டம் வழிநெடுக வளர்கிறது, கதை அவ்வளவே. படம் கட்டணமின்றி மக்களிடமே திரும்பிச் சென்றது. மறு ஆண்டே அவர் மறைந்தார்.

ஆரணிப் பட்டை உலகறியும். தறிக்குழியில் கால்வைத்துக் கூலிக்கு நெய்யும் நம்மவரை யார் படமெடுத்தார்? இன்று கைபேசியே போதும். நடிகர் படத்து முதல்நாள் சீட்டுக்குச் செலவிடுவதில் ஒரு பங்கை ஒதுக்குங்கள். விருப்பமுள்ளோர் ஞாயிறு மாலை சங்க அலுவலகத்தில் என்னைக் காணலாம்.