சத்திரம் சொல்லும் சரித்திரம்

(நரிக்குடிப் பொதுக்கூட்டத்தில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



வரலாற்றைக் காண வேண்டுமா, மதுரைக்குப் போ, திருமலை நாயக்கர் மகாலின் தூண்களைப் பார் என்பார்கள். காணத்தக்க தூண்கள்தாம், மறுக்கவில்லை. ஆனால், அவை மன்னன் வீற்றிருந்த இடத்தைக் காட்டுகின்றன. நடந்து களைத்த ஏழை தலைசாய்த்த இடம் எது? அதைக் காட்டுவது நரிக்குடிச் சத்திரம்!

இது வானம் பார்த்த பூமி. கண்மாய் நிறைந்தால் சோறு, வறண்டால் பட்டினி. இவ்வழியே இராமேசுவரத்திற்குக் கால்நடையாகச் சென்றவர்களுக்கு நிழலும் நீரும் ஒருபிடிச் சோறும் உயிர் காக்கும் பொருள்கள். பக்கத்து முக்குளத்திலே பிறந்து, சிவகங்கைச் சீமையின் பொறுப்பை ஏற்ற மருதிருவர் அந்த அருமையை அறிந்திருந்தனர். அரண்மனையில் பிறந்தவர்கள் அல்லர் அவர்கள்! ஆகவேதான் வழிப்போக்கனுக்கு மனை எடுத்தனர்.

1801 ஜூன் திங்களில் திருச்சியிலும் திருவரங்கத்திலும் வெள்ளையரை எதிர்க்க அறைகூவல் விடுத்த அவர்களை, அதே ஆண்டு அக்டோபர் 24-ஆம் நாள் திருப்பத்தூரில் தூக்கிலிட்டனர். சின்ன மருதுவின் மைந்தன் துரைச்சாமியைத் தோழர்களுடன் பினாங்குக்கு நாடு கடத்தினர். ஆண்டவர்கள் மாண்டனர், சத்திரம் நின்றது. 1914-இல் பாம்பன் ரயில் பாலம் திறக்கப்பட்டது. நடந்தவர்கள் ரயிலேறினர், சத்திரத்தின் தேவை குறைந்தது. கட்டடத்தை அழிக்கப் பீரங்கி வேண்டுமா? மறதி ஒன்று போதாதா?

அக்டோபர் தோறும் சிலைக்கு மாலை சூட்டுகிறோம், சூட்டுவோம். ஆனால் வாடும் மாலையோடு கடமை வாடிவிடலாமா? தொன்மைச் சின்னங்களைக் காக்கத் தமிழகத்தில் 1966-ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. சட்டம் ஏட்டில் இருந்தால் சுவர் நிமிராது. பழுது பார்க்கும்போது சுண்ணாம்புச் சுவரில் சிமெண்டைப் பூசினால், உள்ளே தங்கிய ஈரம் செங்கல்லை அரித்துவிடும். சுண்ணாம்பு கொண்டே செப்பனிட வேண்டும். கைதேர்ந்த கொத்தனார் வேண்டும். கண்காணிக்க ஊரார் வேண்டும்.

செப்பனிட்ட பின் பூட்டி வைப்பதும் தகாது. நம் பிள்ளைகள் அங்கே அமர்ந்து படிக்கட்டும். இந்தத் திண்ணை யாருக்காக என்று அவர்கள் கேட்கட்டும். “ஊர்பேர் தெரியாதவனுக்காக” என்று நாம் விடை சொல்வோம். அந்த விடையைக் காப்பதற்காகவே இந்தக் கட்டடத்தைக் காக்கச் சொல்கிறேன்.