கேட்டு வாங்கினால்தான் விளையும்!

நடுவர் அவர்களே! பழைய நெல்லைக் காப்பது உழவரே என்று முழங்கிவிட்டுப் போயிருக்கிற எதிரணி நண்பர்களே! டி.வி. முன்னாலே சாப்பாட்டுத் தட்டோடு உட்கார்ந்திருக்கிற தாய்மார்களே! உண்பவரே காக்கிறார் என்று பேச வந்திருக்கிறேன். என் உடம்பைப் பார்த்ததுமே நடுவர் என்னை இந்த அணியில் போட்டுவிட்டார். (சிரிப்பு)

எனக்கு ஊர் கோவை கணபதி. ஒரு காலத்தில் சோளமும் கம்பும் விளைந்த மேட்டு நிலம். எங்க பக்கம் நெல்லுச் சோறு என்றால் நோம்பி நாளில்தான். ஆனால் என் அப்பிச்சிக்கு, அதாவது அம்மாவின் அப்பாவுக்கு, கோபி பக்கத்தில் தடப்பள்ளி வாய்க்கால் ஓரம் வயல். பள்ளிக்கூட லீவுக்குப் போவோம். அம்மிச்சி சீரகச் சம்பா வடித்தால் வாசலில் விளையாடுகிற எங்களைக் கூப்பிடவே வேண்டாம். வாசமே கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு வந்துவிடும்!

அரிசி பார்க்கச் சீரகம் மாதிரி பொடிசு. சாப்பிடுகிறவனுக்குச் சுகம். நட்டவருக்கு? தாள் உயரம். கதிர் முற்றுகிற நேரத்தில் ஒரு மழைக்காற்று அடித்தால் படுத்துக்கொள்ளும். மகசூலும் குறைவு. 1966இல் ஐ.ஆர்.8 வந்தது. குட்டை நெல், உரம் போட்டாலும் சாயாது, மூட்டை மூட்டையாய்க் கொட்டியது. பசித்த நாட்டுக்கு அது வேண்டியிருந்தது; நான் குறை சொல்ல மாட்டேன்.

அப்பிச்சியும் ஒரு வருஷம் சீரகச் சம்பாவை விட்டுவிட்டார். வெள்ளை வெளேரென்று பொன்னி அரிசி வந்தது, தின்றோம். நான் கல்லூரியில் படிக்கும்போது ஒருநாள் கேட்டேன்: "ஏனுங் அப்பிச்சி, அந்த வாச அரிசி போடறதில்லீங்களா?"

அவர் சொன்னார்: "ஏங்கண்ணு, இத்தன வருசத்துல நீதான் மொதல்ல கேக்கறே."

நடுவர் அவர்களே, கைவிட்டது அவரா, நாங்களா?

எதிரணித் தலைவர் நெல் ஜெயராமன் பெயரைச் சொன்னார். கை கூப்புகிறேன். 2018இல் மறைந்த அந்த மனிதர் நூற்றுக்கும் மேற்பட்ட ரகங்களைத் தேடி எடுத்தார். திருத்துறைப்பூண்டிப் பக்கம் நெல் திருவிழா நடத்தி, ஆளுக்கு இரண்டு கிலோ விதை கொடுத்து, அடுத்த வருஷம் நாலு கிலோவாகத் திரும்ப வாங்கினார். சரி, அப்படி விளைந்ததை வாங்கிச் சோறாக்க யார் வந்தார்கள்? அதைச் சொல்லாமல் உட்கார்ந்துவிட்டாரே! (கைதட்டல்)

சீரகச் சம்பா பிழைத்தது எதனால்? திண்டுக்கல் பிரியாணி மாஸ்டர் இந்த அரிசிதான் வேண்டும் என்று நின்றார். விலை கூடுதல் என்றாலும் சாப்பிட்டவர் கொடுத்தார். நம் வேளாண் பல்கலைக்கழகம் சீரகச் சம்பாவைக் கலந்து வி.ஜி.டி.1 என்று பிரியாணிக்கேற்ற புது நெல்லே கொண்டுவந்தது. கேட்கிற நாக்கு இருந்தது ஐயா!

அப்பிச்சி இப்போது இல்லை. அந்த வயலில் என் மாமன் மகன், ஒரு பிரியாணிக் கடைக்காரர் கேட்டார் என்று அரை ஏக்கர் சீரகச் சம்பா போட்டிருக்கிறார். எனக்கும் ஒரு மூட்டை வேண்டும் என்றேன். "காசை மொதல்ல குடுங்க மாப்ளே" என்றார்.

கொடுத்துவிட்டேன். (பலத்த கைதட்டல்)